மூன்று புள்ளி வைத்த தொட்டி

பலெர்மோ
19.11.1995

அப்பாவுக்கு,

மூன்று வருடமாக நான் எழுதவில்லை. நீங்களும் எழுதவில்லை. சொல்லாமல் வெளிக்கிட்டேன், அது நடந்து முடிந்த விசயம். அதைப் பற்றிக் கதைக்க இந்தக் கடிதம் இல்லை.

நீங்கள் சோற்றில் கை வைக்க முதல் தினமும் சொல்லிச் சொல்லி எங்கள் எல்லாருக்கும் வெறுப்பேற்றிய கப்பல் இங்கே நிற்கிறது. பகிடி இல்லை. கார்டிகன். எங்கள் துறைமுகத்தின் வடக்கு முனையில், மூக்குக் கொஞ்சம் தண்ணீருக்குள் இறங்கி, துருப்பிடித்து நிற்கிறது. பின்புறத்தில் ‘அல்மிரான்தே சோட்டோ’ என்று வேறு பெயர். பெயின்றைச் சுரண்டினேன். கீழே பழைய எழுத்துகளை உளியால் வெட்டி எடுத்த தழும்பு தெரிந்தது. சி, ஏ, ஆர், டி. அதற்கு மேல் சுரண்டத் தேவைப்படவில்லை.

தென்னமெரிக்காவில் ஒரு கடற்படை இதை வெள்ளைக்காரனிடம் வாங்கி இவ்வளவு காலம் வைத்திருந்திருக்கிறது. கடைசியில் உடைக்கிறதுக்கு விற்றுவிட்டார்கள். துருக்கிக்கு இழுத்துக்கொண்டு போகும்போது புயலில் வடம் அறுந்து இங்கே ஒதுங்கியதாம். சாரோ என்று ஒருவன் மலிவாக எடுத்துவிட்டான். நான் அவனிடம் வேலை செய்கிறேன். என் வேலை உங்கள் கப்பலை வெட்டுவது.

இனி விசயத்துக்கு வருகிறேன். சாரோவிடம் இந்தக் கப்பலின் வரைபடம் ஒன்றும் இல்லை. இரும்பு எத்தனை தொன் தேறும் என்பது மட்டும்தான் அவனுக்குத் தெரியும். எண்ணெய் நின்ற தொட்டியில் இரும்பு வெட்டுகிற காஸ் ரோச்சை வைத்தால் வெட்டுகிறவன் போய்விடுவான். நிரம்பிய தொட்டியைவிட வெறுந்தொட்டி பொல்லாதது, உள்ளே எண்ணெய் ஆவி நிற்கும். அதனால் ஒவ்வொரு தொட்டியிலும் சின்னத் துளை போட்டு, தண்ணீரால் நிரப்பி, அதன் பிறகுதான் வெட்ட விடுகிறேன். ஒன்றுக்கு அரை நாள் போகிறது. சாரோ தலையில் அடித்துக்கொள்கிறான். அவனுடைய ஆட்களில் படித்தவன் நான் ஒருவன்தான் என்பதால் எதை வெட்டலாம் எதை வெட்டக்கூடாது என்று சொல்கிற பொறுப்பை என் தலையில் கட்டியிருக்கிறான்.

உங்களுக்கு ஞாபகம் இருந்தால் எழுதுங்கள். எந்த இடத்தில் எண்ணெய், எந்த இடத்தில் தண்ணீர். அவ்வளவுதான். கதை வேண்டாம்.

லக்சன்


திருகோணமலை
12.12.1995

அன்பு மகன் லக்சனுக்கு,

உன் கடிதத்தை அக்கா அம்பிகை கொண்டுவந்து தந்தாள். வாசித்துக் காட்டட்டோ என்று கேட்டாள். வேண்டாம் என்று கண்ணாடியைப் போட்டு நானே வாசித்தேன். பிறகு இன்னொரு தரம் வாசித்தேன். ‘எங்கள் எல்லாருக்கும் வெறுப்பேற்றிய’ என்று எழுதியிருக்கிறாய். சரி. கதை வேண்டாம் என்றும் எழுதியிருக்கிறாய். அது முடியாது. நான் கடிதம் எழுதினால் கதையும் வரும், விருப்பமில்லையென்றால் அந்தப் பக்கத்தைத் தள்ளிவிட்டு வாசி.

யாழ்ப்பாணத்தில் இருந்து சனம் முழுக்க வெளிக்கிட்டுவிட்டது. சின்னம்மா ஆட்கள் கொடிகாமத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் இருப்பதாகக் கேள்வி. இங்கே நாங்கள் உயிரோடு இருக்கிறோம். அதைவிட நல்ல செய்தி எழுத இந்த வருடம் யாரிடமும் இல்லை.

கார்டிகன் இங்கே வந்தது நாற்பத்துநான்கில். அதற்கு முதல் வடக்குப் பனிக்கடலில் ரஷ்யாவுக்குச் சாமான் கொண்டுபோன கப்பல்களுக்குக் காவல் போனது. பிறகு கிழக்குக்கு அனுப்பினார்கள். யப்பான்காரன் பிடித்து வைத்திருந்த கரைக்கு அடித்துவிட்டு வந்தபோது பின்பக்கம் காயம். குண்டுச் சிதறல் வலது பக்கத் தகட்டைக் கிழித்து நன்னீர்த் தொட்டிக்குள் கடல் தண்ணீர் இறங்கிவிட்டது. அறுநூறு பேருக்குக் குடிக்கத் தண்ணீர் இல்லை. திருத்துவதற்கு இங்கே துறைமுகத்தில் எங்கள் டொக்யாட்டில் கொண்டுவந்து கட்டினார்கள்.

நன்னீர்த் தொட்டிக்கு உள்ளே பெயின்ற் அடிக்கக்கூடாது. சீமெந்தைப் பாலாகக் கரைத்துத் தும்புத் தூரிகையால் பூச வேண்டும். ஆள் இறங்கும் வாய் மிகச் சின்னது. வெள்ளைக்காரன் ஒருவனும் நுழையமாட்டான். போர்மன் ஹாலம் எங்களை வரிசையில் விட்டு, விலா எலும்பு தெரிகிற நாலு பொடியளைப் பிடித்தான். அதில் நான் ஒருவன். பத்தொன்பது வயது. உள்ளே மல்லாந்து படுத்துத் தலைக்கு மேலே பூச வேண்டும். சீமெந்து கண்ணில் விழும். வெளியே ஒருவன் என் காலில் கட்டிய கயிற்றைப் பிடித்துக்கொண்டு இருப்பான். நான் பேசாமல் போனால் இழுக்க வேண்டும், அதுதான் அவனுக்கு வேலை.

முடித்தவன் தன் அடையாளத்தை அந்த வாயின் விளிம்பில் சென்ரர் பஞ்ச் என்கிற கூர் இரும்பால் குத்த வேண்டும். கப்பல் திரும்பி வந்து ஒழுகினால் யாருடைய தலை என்று தெரிய வேண்டுமே. எனக்கு மூன்று புள்ளி, அடுப்புக்கல் வைத்ததுபோல முக்கோணமாக. வலது பக்கம், கடைசிப் பீரங்கிக்குக் கீழே, இரண்டாம் தட்டு. போய்ப் பார். அது நல்ல தண்ணீர்த் தொட்டி. மற்றத் தொட்டிகளைப் பற்றி எனக்குத் தெரியாது, தெரியாததைச் சொல்லமாட்டேன்.

வேலை செய்யும்போது சப்பாத்துப் போடு.

உன் தகப்பன்
வ. பேரின்பநாயகம்


பலெர்மோ
7.1.1996

அப்பாவுக்கு,

கடிதம் கிடைத்தது. பின்பக்கத்துக்கு இன்னும் போகவில்லை. மூக்கில் இருந்து வெட்டிக்கொண்டு போகிறோம்.

நீங்கள் எழுதியது உங்கள் கப்பலின் கதையில் கால் பங்குகூட இல்லை. மிச்சத்தை நான் எழுதுகிறேன். வெட்டின தகட்டின் ஓரத்தைப் பார்த்தால் பெயின்ற் ஒன்றின் மேல் ஒன்றாகத் தெரியும். அடியில் யுத்தகாலத்துச் சாம்பல், அதற்கு மேல் நீலச்சாம்பல், அதற்கு மேல் பச்சை கலந்தது. அதிகாரிகள் சாப்பிடும் அறையில் சுவரோடு ஒரு பித்தளைத் தகடு இருந்தது. கொரியாக் கரைக்கு எத்தனை குண்டு அடித்தது என்று பெருமையாகப் பொறித்திருந்தார்கள். யாருக்கு விழுந்தது என்று பொறிக்கவில்லை. கடலில் நின்று கரைக்கு அடிக்கிற கப்பல், அப்பா. எங்களுக்கும் கடலில் நின்றுதான் அடித்தார்கள். அவர்களும் எங்கேயோ ஒரு தகடு வைத்திருப்பார்கள்.

அதன் பிறகு விற்றார்கள். வாங்கினவர்கள் பின் பீரங்கியைத் தூக்கிவிட்டு அந்த இடத்தில் ஹெலிகொப்டர் இறங்க ஒரு மேடை போட்டார்கள். நடுத்தட்டில் நாலு அறைக்குக் கதவு மாற்றியிருக்கிறார்கள். கப்பலில் எந்தக் கதவையும் இரண்டு பக்கமும் திறக்கலாம், அது சட்டம். இந்த நாலு கதவுக்கும் வெளியே மட்டும்தான் தாழ்ப்பாள். உள்ளே இடுப்பு உயரத்தில் சுவரோடு இரும்பு வளையங்களை வெல்டிங் செய்திருக்கிறார்கள். பெயின்றுக்குக் கீழே நகத்தாலோ கரண்டியாலோ கீறின பெயர்கள். ஆட்களின் பெயர். ஒன்றின் பக்கத்தில் 1974. உங்கள் கப்பல் மறியற்கூடமாக இருந்திருக்கிறது. அதற்கு அகராதி தேவையில்லை, தாழ்ப்பாள் போதும்.

நான் ஒரு நாள் அந்த அறைக்குள் நின்று பார்த்துக்கொண்டிருந்தபோது இராயப்பு அண்ணை எட்டிப் பார்த்தார். பாசையூர்க்காரர், முந்திக் கடலுக்குப் போனவர், இப்போது எங்களோடு இரும்பு சுமக்கிறார்.

“என்ன தம்பி, ரூம் பாக்கிறியோ? வாடகை குறைவு, ஆனால் வெளியிலை விடமாட்டாங்கள்.”

“பகிடி விடாதேங்கோ அண்ணை.”

“பகிடி விடாட்டி இதுக்குள்ளை நிண்டு அழோணும். நீ எதைச் செய்யப்போறாய்?”

எங்களோடு வெட்டுகிறவன் ஃபப்ரிஸ். மொறிசியஸ்காரன். பூட்டன் தமிழன். இவனுக்குத் தமிழில் முருகனுக்கு அரோகரா மட்டும்தான் தெரியும், அதையும் பாரம் தூக்கும்போதுதான் சொல்லுவான். நாங்கள் இத்தாலியனில் கதைப்போம். வெட்டுக்காரன் என்றால் அவன் வெட்டுக்காரன், கோடு போட்ட இடத்தில் மயிரளவும் விலகமாட்டான். மனைவி லில்லியான் பகேரியாவில் ஒரு சிஞ்ஞோரா அம்மாவின் வீட்டில் வேலை, விடிய ரயிலில் போய் இருட்ட ரயிலில் வருகிறாள்.

காகிதம் இல்லாதவர்களுக்குக் காகிதம் கொடுக்கிற சட்டம் ஒன்று வந்திருக்கிறது. முதலாளி ‘இவன் என்னிடம் வேலை செய்கிறான்’ என்று கையெழுத்துப் போட வேண்டும். மார்ச் முடிய முதல் குவெஸ்தூராவில், அதுதான் இங்கத்தைய பொலிஸ் கந்தோரில், கொடுக்க வேண்டும். சாரோ போடுகிறேன் என்கிறான். எப்போது என்று கேட்டால் கப்பலைக் காட்டுகிறான்.

லக்சன்


திருகோணமலை
29.1.1996

மகன்,

மகளைக் கட்டிக் கொடுத்த பிறகு அந்த வீட்டில் நடக்கிறதுக்குத் தகப்பனைக் கூப்பிட்டு விசாரிப்பார்களோ? நான் வேலை செய்தபோது அது யப்பானோடு சண்டை பிடித்த கப்பல். அதற்குப் பிறகு யாரோ வாங்கி எதையோ செய்ததை எனக்கு எழுதி என்ன பிரயோசனம்? தாழ்ப்பாள், வளையம் என்று பக்கம் பக்கமாக எழுதினாய். மூன்று புள்ளியைக் கண்டாயா இல்லையா என்று ஒரு வரி இல்லை. நீ அதைத் தேடவே இல்லை. தகப்பன் புளுகுகிறான் என்று நினைக்கிறாய். சின்னனில் இருந்தே உனக்கு அந்தப் பார்வைதான். கணக்கு வாத்தியார் சொன்னால் சரி, கொப்பர் சொன்னால் புளுகு.

இங்கே ஆமிக்காரரின் சுற்றிவளைப்பு. போன கிழமை அம்பிகையின் புருசனைக் கொண்டுபோய் மூன்றாம் நாள் விட்டார்கள். இடது காது கேட்கவில்லை. நீ காகிதம் எடுத்தால் அவர்களைக் கூப்பிடலாம் என்று அவள் நினைத்துக்கொண்டிருக்கிறாள். என்னிடம் சொல்லவில்லை. ஆனால் தபால்காரன் மணி அடித்தால் வாசலுக்கு ஓடுகிறாள்.

அந்தச் சாரோவோடு சண்டை பிடிக்காதே. உன் வாயை எனக்குத் தெரியும்.

வ. பேரின்பநாயகம்


பலெர்மோ
18.2.1996

அப்பா,

மூன்று புள்ளியைக் கண்டேன்.

வியாழக்கிழமை பின்பக்கத்துக்கு வந்தோம். வலது பக்கம், இரண்டாம் தட்டு. நீங்கள் சொன்ன இடத்தில் ஒட்டுத்தகடு இருந்தது, சிதறல் கிழித்த இடத்தை மூடின தகடு. ஆள் இறங்கும் வாயின் மூடி துருவில் இறுகிப்போய் இருந்தது, ஒரு போல்ற்றும் அசையவில்லை. துளை போட்டுத் தண்ணீர் விடுவோம் என்று நான் குழாயை இழுக்கப் போனேன். சாரோ மேலே நின்று கத்தினான். அதைக் கேட்கிறவன் நான் இல்லை. ஆனால் போகும்போது விளிம்பைக் கம்பித் தூரிகையால் ஒரு தேய் தேய்த்தேன். வந்தது. அடுப்புக்கல் மாதிரி மூன்று புள்ளி.

நான் சிரித்தேன். ஃபப்ரிஸ் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுப் பார்த்தான்.

“என்னடா சிரிப்பு?”

“என்ர அப்பா இஞ்சை இருக்கிறார்.”

விசயத்தைச் சொன்னேன். அவன் கையுறையைக் கழற்றிவிட்டு விரலால் அந்தப் புள்ளிகளைத் தடவிப் பார்த்தான். “போன் ஜோர்னோ, அப்பா” என்றான். “எங்களுக்கு ஒரு அரைநாள் மிச்சம் பிடிச்சுத் தாறீங்களோ?” பிறகு என்னைப் பார்த்தான்.

“அப்ப இது தண்ணித் தொட்டியோ?”

“தண்ணித் தொட்டிதான். வெட்டு.”

அவன் கேட்டான், நான் சொன்னேன். குழாயைப் போட்டுவிட்டு, சாரோவுக்குப் பதில் சொல்ல ஏணியில் ஏறினேன். மேலே போய் அவனோடு இரண்டு வார்த்தை கதைத்திருப்பேன். காலுக்குக் கீழே தட்டுத் தூக்கியது. சத்தம் பிறகுதான் கேட்டது.

அது தண்ணீர்த் தொட்டி இல்லை, அப்பா. ஹெலிகொப்டர் மேடை போட்டபோது அதைப் பெற்றோல் தொட்டி ஆக்கியிருக்கிறார்கள். உங்கள் சீமெந்தை முழுக்கச் சுரண்டி எடுத்திருக்கிறார்கள், வெடித்த பக்கத்தால் உள்ளே பார்த்தேன், ஒரு பொட்டும் இல்லை. அதில் இருந்து மேடைக்கு ஒரு மஞ்சள் குழாய் போகிறது. அதை நான் முதலே கண்டேன். ஹெலிகொப்டர் கழுவத் தண்ணீர் என்று நினைத்தேன். இப்படி ஒரு நினைப்பை ஒரு முதல் வருட மாணவன் எழுதினால் பூச்சியம் போடுவார்கள்.

ஃபப்ரிஸ் செத்துவிட்டான். எப்படிக் கிடந்தான் என்று எழுதமாட்டேன்.

என் வாழ்க்கையில் உங்கள் சொல்லை நான் கேட்டது இந்த ஒரு தரம்தான்.

லக்சன்


பலெர்மோ
25.2.1996

அப்பா,

உங்கள் பதிலுக்குக் காத்திருக்க முடியவில்லை.

சாரோ அம்புலன்ஸைக் கப்பலுக்குக் கூப்பிட விடவில்லை. ஃபப்ரிஸைத் தார்ப்பாயில் சுற்றி வான் வண்டியில் ஏற்றிப் பிரான்காச்சோவுக்குக் கொண்டுபோனார்கள். அங்கே வரிசையாகச் சின்னச் சின்ன வேலைத்தலங்கள், மோட்டார்ச் சைக்கிள் திருத்துவது, கதவு அடிப்பது. அதில் சாரோவின் மைத்துனனுடைய கொட்டில் ஒன்று. அதற்குள் கிடத்திவிட்டு, பக்கத்தில் ஒரு பழைய காஸ் சிலிண்டரையும் போட்டுக் கொளுத்திவிட்டு, அதன் பிறகு அம்புலன்ஸுக்குப் போன் அடித்தார்கள். இராயப்பண்ணையையும் தூக்க என்று வானில் ஏற்றினார்கள். அவர் அன்றிலிருந்து சாப்பிடவில்லை.

“தம்பி, ஏத்தேக்கை மூச்சு இருந்தது.”

“எவ்வளவு நேரம்?”

“கேளாதை. இறக்கேக்கை இல்லை. அவ்வளவுதான் என்னட்டை இருக்கு.”

பொலிஸ்காரர் லில்லியானிடம் சொன்ன கதை இது: உன் புருசன் களவாக ஒரு கொட்டிலில் சிலிண்டர் வெட்டப் போனான், தன் பிழையால் செத்தான். யாரிடமும் ஒன்றும் கேட்க அவளுக்கு வழியில்லை. அவனை யாரும் வேலைக்கு வைத்திருக்கவில்லை, அவன் எந்தக் கப்பலிலும் ஏறவில்லை. சவப்பெட்டியைத் திறக்க விடவில்லை. அவள் என்னிடம் வந்தாள்.

“வீட்டிலை தண்ணிப் பைப் ஒழுகினால்கூடத் திருத்தமாட்டான். ஞாயிற்றுக்கிழமை கேள் எண்டு சொல்லுவான். அவன் ஏன் அங்கை போனவன்? நீ எங்கை நிண்டாய்?”

“வேறை இடத்திலை” என்றேன்.

அவள் தலையை ஆட்டினாள். நம்பவில்லை. ஆனால் என்னைத் திட்டவும் இல்லை.

நேற்றுச் சாரோ என்னைப் பொலிதேயாமாவில் ஒரு வக்கீலின் அறைக்குக் கூட்டிக்கொண்டு போனான். மேசையில் இரண்டு தாள். ஒன்று, நான் அவனிடம் வேலை செய்கிறேன் என்று அவன் எனக்குத் தருகிறது. குவெஸ்தூராவில் கொடுத்தால் பெர்மெஸ்ஸோ கிடைக்கும், இங்கே இருக்கிற அனுமதி. மற்றது நான் அவனுக்குத் தருகிறது. ஃபப்ரிஸ் என்று ஒருவன் அந்தக் கப்பலில் வேலை செய்ததே இல்லை. நான் யோசிக்க வேண்டும் என்றேன். வக்கீல் சிரித்தான். சட்டம் மார்ச் முடிவோடு முடிகிறது, அதுவரை யோசி என்றான். வெளியே வந்ததும் சாரோ தோளில் கை போட்டுச் சொன்னான்: வெடித்த தொட்டியை முதலில் வெட்டு, நீயே வெட்டு, இரும்பு உருகினால் எல்லாருக்கும் நிம்மதி.

தண்ணீர்ப் பம்பு பழுது என்று சொல்லித் தள்ளிக்கொண்டிருக்கிறேன். பம்பில் ஒரு பழுதும் இல்லை. சுழல்தட்டைக் கழற்றி என் கட்டிலுக்குக் கீழே வைத்திருக்கிறேன்.

உங்களிடம் ஆலோசனை கேட்கவில்லை. யாருக்காவது எழுத வேண்டும், எழுதுகிறேன்.

லக்சன்


திருகோணமலை
12.3.1996

மகன் லக்சனுக்கு,

இரண்டு கடிதமும் ஒரே நாளில் வந்தன. முதல் கடிதத்தை இரண்டாவதாக வாசித்தேன். அப்படி வாசித்ததால் முதலில் யாருடைய சாவு என்று விளங்கவில்லை. ஒரு நிமிடம் நீ என்று நினைத்தேன். கையெழுத்தைப் பார்த்துத்தான் நீ எழுதுகிறாய், நீ இருக்கிறாய் என்று தெளிந்தேன். தெளிந்தபோது எனக்கு வந்த சந்தோசத்தை அந்தப் பெண் அறிந்தால் என்னைச் சபிப்பாள்.

நான் பொய் சொல்லவில்லை. அது நல்ல தண்ணீர்த் தொட்டிதான். நான் அதற்குள் கிடந்து பூசியிருக்கிறேன்.

அம்பிகைக்கு ஒன்றும் சொல்லவில்லை. கேட்டதற்கு, தம்பி சுகம், குளிராம் என்றேன்.

இப்போது நான் சொல்வதைக் கேள். ஒரு தரம் என் சொல் கேட்டாய். இன்னொரு தரம் கேள். கையெழுத்துப் போடு. உன்னைத் திருப்பி அனுப்பினால் கட்டுநாயக்காவில், பிளேன் இறங்கும் இடத்திலேயே, பிடிப்பார்கள். பிடித்தால் மருமகனை விட்டதுபோல மூன்று நாளில் விடமாட்டார்கள். நீ எழுதிய அந்த நாலு கதவு, வெளியே மட்டும் தாழ்ப்பாள், இங்கேயும் இருக்கிறது. எங்கே இருக்கிறது என்றுகூட எனக்குத் தெரியும், நான் வேலை செய்த டொக்யாட்டுக்குள்ளேயே இருக்கிறது. போன கடிதத்தில் உன்னை ஏசினேன். ஏசியது அதனால்தான். எனக்குத் தெரியாததை நீ எழுதியிருந்தால் கோபம் வந்திராது.

செத்தவனுக்கு இனி ஒன்றும் ஆகாது. அவன் பெண்சாதிக்கு நீ வேறு வழியில் உதவலாம், உயிரோடு இருந்தால். ஆரையாவது குற்றம் சொல்ல வேண்டும் என்று உன் மனம் கிடந்து அடித்தால் என்னைச் சொல். திருகோணமலையில் ஒரு கிழவன் புளுகினான், அதைக் கேட்டு மோசம் போனேன் என்று அவளிடம் சொல். என்னை யாரும் இத்தாலிக்குக் கூப்பிட்டு விசாரிக்கப் போவதில்லை.

கையெழுத்துப் போடு, மகன். நான் உன்னிடம் ஒன்றும் கேட்டதில்லை.

அப்பா


பலெர்மோ
31.3.1996

அப்பா,

கேட்கவில்லை. இரண்டாம் தரம் உங்கள் சொல்லைக் கேட்கவில்லை.

உங்கள் கடிதம் வெள்ளிக்கிழமை வந்தது. அதைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு பகேரியாவுக்கு ரயில் ஏறினேன். ஏறும்போது என்ன செய்யப் போகிறேன் என்று எனக்கே சரியாகத் தெரியாது. லில்லியான் சிஞ்ஞோராவின் வீட்டுப் பின்பக்கத்தில் மேசைவிரிப்புகளுக்கு இஸ்திரி போட்டுக்கொண்டு நின்றாள். இருக்கச் சொல்லவில்லை. நின்றபடி சொன்னேன். கப்பல், தொட்டி, வான், கொட்டில், வக்கீல். மூச்சு இருந்ததையும் சொன்னேன். அதைச் சொல்லாமல் விடலாம் என்று ரயிலில் நினைத்தேன். அவள் முகத்தைப் பார்த்த பிறகு விட முடியவில்லை. இஸ்திரிப்பெட்டியைத் துணியில் வைத்தபடியே நின்றுவிட்டாள், துணி கருகி மணத்தது. நான்தான் எட்டி வயரைப் பிடுங்கினேன்.

“தண்ணித் தொட்டி எண்டு ஆர் சொன்னது?”

“நான்.”

“அவன் கேட்டவனோ?”

“கேட்டவன். நான் வெட்டச் சொன்னேன்.”

உங்கள் பெயரைச் சொல்லவில்லை. நீங்கள் சொல்லச் சொன்னீர்கள் என்ற வீம்புக்காக அல்ல. புள்ளியைக் கண்டதும் தண்ணீர்க் குழாயைக் கீழே போட்டவன் நான். நீங்கள் இல்லை.

அவள் என்னை அடிக்கவில்லை. மன்னிக்கவும் இல்லை. முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து, “இதை என்னட்டைச் சொல்லி என்ன? என்னட்டை முத்திரை இல்லை. எழுதிறவையிட்டைச் சொல்லு” என்றாள். சனிக்கிழமை காலையில் இரண்டு பேரும் நீதிமன்றத்துக்குப் போனோம். சட்டத்தரணி ஒருத்தி, அவளுடைய சிஞ்ஞோராவின் மருமகள், கூட வந்தாள். விசாரணை நீதவான் என்னைவிடப் பத்து வயதுதான் கூட இருப்பான். நான் தொட்டிக் கதையைச் சொல்லும்போது குறுக்கே குறுக்கே கேட்டான், எனக்குக் கோபம் வந்து ஒரு தாளை இழுத்துப் படம் கீறிக் காட்டினேன். அதன் பிறகு படத்தைத் தன் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டு கேட்டான்.

மத்தியானம் கப்பலுக்குப் போனோம். சாரோவை ஏற்கெனவே கொண்டுபோய்விட்டார்கள். இராயப்பண்ணை இல்லை. அறையில் அவருடைய கட்டில் வெறுமையாக இருந்தது, இத்தாலியின் வடக்கே யாரோ உறவுக்காரரிடம் போய்விட்டாராம். நான் அவரைக் குற்றம் சொல்லவில்லை. நீதவானிடம் சொல்லவேண்டியதை அவர் அந்த வானுக்குள் பார்த்துவிட்டார், இன்னொரு தரம் பார்க்க அவரால் முடியாது.

நிபுணன் என்று ஒருவன் வந்திருந்தான். வெடித்த தொட்டியைச் சுற்றிப் பார்த்தான். இதைத் தண்ணீர்த் தொட்டி என்று எதை வைத்து முடிவு எடுத்தாய் என்று கேட்டான். விளிம்பைத் துடைத்துக் காட்டினேன். தகடு வளைந்து கிழிந்திருக்கிறது, புள்ளிகள் அப்படியே இருக்கின்றன. அவன் சோக்கால் அதைச் சுற்றி வட்டம் போட்டு, ஒரு நம்பர்த் துண்டை ஒட்டி, படம் எடுத்தான். யாருடைய அடையாளம் என்று கேட்டான். நாற்பத்துநான்கில் வேலை செய்த ஒருவனுடையது என்றேன். ஆளின் பெயரைக் கேட்கவில்லை.

சாரோ தருவதாகச் சொன்ன தாள் போனது. இன்றோடு அந்தச் சட்டமும் முடிகிறது. நான் வழக்கின் சாட்சி. குற்றவாளியாகவும் ஆக்கலாம், அதை இன்னும் முடிவு செய்யவில்லையாம். வழக்கு முடியும்வரை அனுப்பமாட்டார்கள் என்று சட்டத்தரணி சொல்கிறாள். முடிந்த பிறகு அனுப்புவார்கள். கட்டுநாயக்காவைப் பற்றி அவளுக்குச் சொன்னேன். எழுதி வைத்துக்கொண்டாள். அக்காவிடம் இனியும் குளிர் என்று சொல்லாதீர்கள். காகிதம் கிடைக்காது என்று சொல்லுங்கள். வாசலுக்கு ஓடுவதை நிறுத்தட்டும்.

கப்பலின் மிச்சத்தை வேறு யாராவது ஒரு நாள் வெட்டி எடுப்பார்கள். பீரங்கி போய்விட்டது, மூக்குப் போய்விட்டது, நாலு கதவையும் நானே வெட்டினேன். அந்தத் தொட்டியை மட்டும் தொட முடியாது. வழக்கு முடியும்வரை அது அரசாங்கத்தின் சாமான், இங்கே வழக்குகள் பத்து வருடம் போகும். இரண்டு கடற்படை வைத்திருந்த கப்பலில் கடைசியாக நிற்கப்போவது நீங்கள் பூசின தொட்டி.

இனியும் சோற்றுக்கு முன்னால் அந்தக் கதையைச் சொல்லுவீர்கள், உங்களை எனக்குத் தெரியும். சொல்லுங்கள். ஆனால் நாற்பத்துநான்கோடு நிறுத்தாதீர்கள். கொரியாவைச் சொல்லுங்கள், வெளியே தாழ்ப்பாள் போட்ட கதவுகளைச் சொல்லுங்கள், டொக்யாட்டுக்குள் இருக்கிறதையும் மெல்லமாகச் சொல்லுங்கள். கடைசியில் ஃபப்ரிஸைச் சொல்லுங்கள். உங்கள் புள்ளிகளைக் கையுறை கழற்றிவிட்டுத் தொட்டு, உங்களுக்குக் காலை வணக்கம் சொன்னவன்.

லக்சன்